கலிங்கக் கரையில் ஒரு நாள்

பிழைப்பின் பொருட்டுத் தமிழகத்தை விட்டுப் புறப்பட்டு, கொல்கத்தாவிலும் கட்டாக்கிலும் புவனேசுவரத்திலும் விசாகப்பட்டினத்திலும் குடியமர்ந்த தமிழ்க் குடும்பங்கள் பல. கோடை விடுமுறை வந்ததும் இக்குடும்பங்களில் பெரும்பாலானவை தெற்கு நோக்கி இரயிலேறிவிடும். குலதெய்வ வழிபாடு, உறவினர் இல்லத் திருமணம், முதியோரைக் கண்டு வருதல் என்று காரணங்கள் இருக்கவே செய்கின்றன. ஆயினும் நாம் வாழும் ஊருக்கு அண்மையில், ஒரே நாளிற் சென்று மீளத்தக்க தொலைவில், நம் முன்னோர் வரலாற்றோடு பின்னிக் கிடக்கும் இடங்கள் உள்ளன. அயல் மண்ணில் பிறந்து வளரும் நம் பிள்ளைகள், “இந்த ஊருக்கும் நமக்கும் என்ன தொடர்பு?” என்று கேட்கும்போது, அதற்கு விடை கூறும் சான்றுகள் அவ்விடங்களில் கல்லில் நிற்கின்றன. அத்தகைய வழி ஒன்றினை இன்று நேயர்களோடு சென்று காண எண்ணுகின்றோம். அது புவனேசுவரத்திலிருந்து தவுளி, கோணார்க்கம், பூரி ஆகிய மூன்று இடங்களுக்கும் சென்று இரவுக்குள் திரும்பும் வழி.

புவனேசுவரம் பழமையும் புதுமையும் கலந்த நகரம். இலிங்கராசர் கோயிலைச் சூழ்ந்த பழைய நகரம் ஒரு புறம். 1948-இல் அடிக்கல் நாட்டப்பெற்று, கட்டாக்கிலிருந்து மாற்றப்பெற்ற தலைநகரமாக வளர்ந்த புதிய நகரம் மறுபுறம். இங்கிருந்து பூரி ஏறத்தாழ 60 கிலோமீட்டர். பூரியிலிருந்து கடலோரமாகக் கோணார்க்கம் 35 கிலோமீட்டர். கோணார்க்கத்திலிருந்து புவனேசுவரம் 65 கிலோமீட்டர். முக்கோணம் போன்ற இவ்வழியைப் பேருந்திலும் சுற்றி வரலாம். ஆனால் பேருந்து நிறுத்துமிடத்தில் இறங்கி, அது புறப்படும் நேரத்தில் ஏறிக்கொள்ள வேண்டும். நான்கைந்து பேர் சேர்ந்து வாடகைக் கார் ஒன்றை நாள் முழுதும் அமர்த்திக்கொண்டால், வேண்டிய இடத்தில் வேண்டிய அளவு தங்கலாம். கல்வெட்டுக்கு முன் அரைமணி நேரம் நிற்க விரும்புவோர்க்கு இதுவே ஏற்ற முறை. பூரிக்கு முதலில் செல்வதே பலருடைய வழக்கம். கோணார்க்கக் கோயில் கிழக்கு நோக்கியது. காலை வெயில் அதன் சிற்பங்களின் மேல் விழும் நேரத்தில் காண்பது நலம். ஆகவே விடியலில் புறப்பட்டுத் தவுளி, முற்பகலில் கோணார்க்கம், பிற்பகலில் பூரி என்று முறைப்படுத்திக்கொள்வோம்.

புவனேசுவரத்திலிருந்து பூரிச் சாலையில் 8 கிலோமீட்டர் சென்றால் தவுளிக் குன்று. கீழே தயா ஆறு ஓடுகிறது. கி.மு. 261-ஐ ஒட்டி அசோகன் நிகழ்த்திய கலிங்கப் போரோடு இப்பகுதியை மக்கள் இணைத்துப் பேசுவர். குன்றின் உச்சியில் 1972-இல் எழுப்பப்பெற்ற வெண்ணிறச் சாந்தித் தூபியைக் காணவே பெரும்பாலோர் மேலேறுகின்றனர். வரலாறு அறிய விரும்புவோர் அதற்கு முன்னரே, அடிவாரத்திலுள்ள பாறையருகே வண்டியை நிறுத்துதல் வேண்டும். பாறையின் மேற்புறத்தில் யானை ஒன்றின் முன்பாதி, கல்லுக்குள்ளிருந்து வெளிவருவது போலச் செதுக்கப்பட்டுள்ளது. அதன் கீழே பிராமி எழுத்தில் அசோகனுடைய கட்டளைகள் பொறிக்கப்பட்டுள்ளன. 1837-இல் கிட்டோ என்னும் ஆங்கிலேய அதிகாரி இவற்றைக் கண்டு வெளியுலகிற்கு அறிவித்தார்.

கலிங்கப் போரின் அழிவுக்கு வருந்தி அசோகன் வெளியிட்ட பதின்மூன்றாம் கட்டளை பிற நாட்டுப் பாறைகளில் உள்ளது; கலிங்கத்துப் பாறையில் அது இல்லை. தோற்ற மக்களிடம் அவர்தம் சாவின் கணக்கை எழுதிக் காட்டுவது முறையன்று என அரசன் கருதினான் போலும். அதற்கு மாறாக, குடிமக்களைத் தன் மக்களைப் போல எண்ணி நடத்துமாறு அதிகாரிகளுக்கு இட்ட தனிக் கட்டளைகள் இரண்டு இங்கே உள்ளன. நமக்கு இதனினும் அணுக்கமான செய்தி இரண்டாம் கட்டளையில் இருக்கிறது. எல்லைக்கு அப்பாலுள்ள நாடுகளிலும் மனிதர்க்கும் கால்நடைகட்கும் மருத்துவ ஏற்பாடு செய்ததையும், மூலிகைகள் நடுவித்ததையும், வழிநெடுகக் கிணறு தோண்டியதையும் கூறும் அக்கட்டளை, அந்நாட்டவரைப் பெயர் சொல்லிக் குறிக்கையில் சோழரையும் பாண்டியரையும் முன்வைக்கிறது. அப்பாறை எழுத்தில் சோழர் பெயர் ‘சோட’ என்று காணப்படுகிறது. கலிங்கத்துப் பாறையில் நம்மவர் பெயர் ஏறத்தாழ 2,250 ஆண்டுகளுக்கு முன்னரே பொறிக்கப்பட்டது என்பதும், அது மருந்தையும் கிணற்றையும் பற்றிய செய்தியோடு பொறிக்கப்பட்டது என்பதும் நினைவிற் கொள்ளத்தக்கவை.

இதற்கு நேர்மாறான செய்தியும் அண்மையிலேயே உண்டு. புவனேசுவரத்தின் மேற்கே உதயகிரியில், அத்திகும்பா என்னும் ஆனைக் குகையில், கலிங்க வேந்தன் காரவேலனின் கல்வெட்டு இருக்கிறது. தமிழ் அரசர்களின் கூட்டணி ஒன்றைத் தான் உடைத்ததாக அவன் அதில் பெருமை பேசுகிறான். அக்கூட்டணி நிலைத்த காலம் 113 ஆண்டு என்று சிலரும் 1,300 ஆண்டு என்று சிலரும் படித்துள்ளனர். எண் எதுவாயினும், தமிழ் வேந்தர் ஒன்றுபட்டிருந்ததை அயலரசன் ஒருவன் பொருட்படுத்தத்தக்க வலிமையாகக் கருதினான் என்பது தெளிவு. அக்குகைகளைக் காண மற்றொரு நாள் ஒதுக்கிக்கொள்வோம்.

தவுளியைக் கடந்தால் பிப்பிலி என்னும் சிற்றூர். பல நிறத் துணிகளை வெட்டி ஒட்டித் தைத்த விதானங்களும் குடைகளும் கடைதோறும் தொங்குகின்றன. தேர்களுக்கும் தெய்வங்களுக்கும் வேண்டிய துணி வேலை செய்து பழகிய கைவினைஞர் வாழும் ஊர் இது. நம் ஊர்த் தேர்ச் சீலைகளைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இவை புதியனவாகத் தோன்றமாட்டா. இங்கிருந்து கிழக்கே பிரிந்து, நிமாபடா வழியாக வயல்களினூடே கோணார்க்கம் செல்லும் சாலையில் ஒரு மணி நேரத்திற்குக் குறையாமற் செல்ல வேண்டும். அந்த நேரத்தில், நாம் காணப்போகும் கோயில்களைக் கட்டிய கங்க மரபினரைப் பற்றிச் சிறிது அறிந்துகொள்வது பயன் தரும்.

கீழைக் கங்கர் முதலில் இன்றைய ஆந்திரத்தின் சிறீகாகுளப் பகுதியிலுள்ள முகலிங்கத்தைச் சார்ந்து ஆண்டவர்கள். அம்மரபில் 1078-ஐ ஒட்டி முடிசூடிய அனந்தவர்மன், ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் அரசாண்டான். அவன் தந்தை கங்க மன்னன் இராசராசன். தாய் இராசசுந்தரி, சோழ மன்னன் மகள். தந்தை குலமும் தாய் குலமும் சேர ‘சோடகங்கன்’ என்று அவன் பெயர் பூண்டான். தவுளிப் பாறையில் கண்ட ‘சோட’ என்னும் அதே சொல் ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்குப் பின் கலிங்க மன்னனுடைய பெயரின் முற்பகுதியாக வந்து நிற்கிறது. மொழிக்கு மொழி சொற்களைப் பெயர்த்து எழுதும் தொழிலில் இருக்கும் நமக்கு, எழுத்து மாறியும் ஆள் மாறாத இத்தகைய சொற்களைக் கண்டால் உவகை உண்டாவது இயல்பே.

தமிழிலக்கியம் பயின்றோர்க்கு அனந்தவர்மன் என்றதும் கலிங்கத்துப்பரணி நினைவிற்கு வரும். முதலாம் குலோத்துங்க சோழனுக்குத் திறை செலுத்தத் தவறிய வடகலிங்க வேந்தன் மீது, கருணாகரத் தொண்டைமான் தலைமையிற் சென்ற படை பெற்ற வெற்றியைச் செயங்கொண்டார் அந்நூலிற் பாடினார். அவ்வேந்தன் சோடகங்கனே என்பது வரலாற்றறிஞர் பலருடைய கருத்து. இப்போர் 1110-ஐ ஒட்டி நிகழ்ந்தது. போரிட்ட இருவரையும் சற்று உற்று நோக்குவோம். குலோத்துங்கன் தந்தை வழியில் வேங்கி நாட்டுச் சாளுக்கியன். கங்கைகொண்ட சோழனின் மகள் அம்மங்கை அவன் தாய். சோடகங்கனும் சோழ அரசகுமாரியின் மகன். பள்ளியில் தமிழர்க்கும் கலிங்கர்க்கும் நடந்த போர் என்று நாம் படித்தது, தாய்வழியில் சோழராகிய இருவர் தமக்குள் நடத்திய போராகவும் இருந்தது. இது பரணியின் சுவையைக் குறைப்பதன்று. பகை என்று கருதியதன் அடியில் உறவு ஒன்று ஓடுவதைக் காட்டுவது.

சோடகங்கன் பின்னர் உத்கல நாட்டையும் வென்று வடக்கே தன் ஆட்சியைப் பரப்பினான். பூரியில் இன்று நாம் காணும் சகந்நாதர் பெருங்கோயிலைத் தொடங்கியவன் அவனே. கோணார்க்கத்தை எழுப்பியவன் அவன் வழிவந்த முதலாம் நரசிம்மன். இவன் 1238 முதல் 1264 வரை ஆண்டான். வங்கத்து முசுலிம் ஆளுநரோடு 1243, 1244-ஆம் ஆண்டுகளில் போரிட்டு வெற்றி கண்டான். அதற்குப் பின், 1250-ஐ ஒட்டிக் கதிரவனுக்கு இக்கோயிலை எடுப்பித்தான்.

கோணார்க்கக் கோயில் முழுவதும் கதிரவனின் தேராக அமைந்தது. அடித்தளத்தின் இருபுறமும் பன்னிரண்டு இணைகளாக 24 சக்கரங்கள். இழுப்பதற்கு ஏழு குதிரைகள். ஒவ்வொரு சக்கரமும் ஏறத்தாழ 3 மீட்டர் குறுக்களவு உடையது. 2018-இல் வெளிவந்த பத்து ரூபாய்த் தாளின் பின்புறத்தில் நாம் காண்பது இச்சக்கரத்தையே. அடித்தளத்தில் யானைகள் வரிசை வரிசையாகச் செல்கின்றன. போர் வீரர், ஆடல் மகளிர், துறவியர், இல்லறத்தார் ஆகிய எல்லோரும் இடம் பெற்றுள்ளனர். அரசனுக்கு ஒட்டகச்சிவிங்கி ஒன்றைக் கொணர்ந்து காட்டும் காட்சியும் ஒன்று உண்டு. கடல் கடந்து ஆப்பிரிக்கக் கரையோடு இருந்த தொடர்புக்கு இதனைச் சான்றாகக் காட்டுவர்.

தேர் வடிவில் கோயில் அமைக்கும் எண்ணம் நமக்குப் புதிதன்று. முதலாம் குலோத்துங்கன் காலத்து மேலைக்கடம்பூர்க் கோயில் சக்கரமும் குதிரையும் பூண்டது. கோணார்க்கத்திற்கு ஏறத்தாழ நூறாண்டு முற்பட்ட தாராசுரத்து ஐராவதேசுவரர் கோயிலின் முன்மண்டபமும் குதிரை இழுக்கும் தேரே. கதிரவனுக்கெனக் கும்பகோணத்தின் அண்மையில் எழுந்த சூரியனார் கோயிலும், கலிங்கத்தின்மீது படை அனுப்பிய அதே குலோத்துங்கன் காலத்தது. சோழ நாட்டுச் சிற்ப மரபு கங்க நாட்டிற்குச் சென்றதா, அல்லது இரண்டும் பொதுவான கருத்தொன்றிலிருந்து தனித்தனியே கிளைத்தனவா என்பது அறிஞர் ஆராய வேண்டியது. தாராசுரத்தில் ஒரு மண்டபத்தின் அளவில் நின்ற கற்பனை, இங்கே முழுக்கோயிலாகப் பெருகி நிற்பதைக் கண்கூடாகக் காணலாம். தாராசுரத்தை முன்னரே கண்ட பிள்ளைகளுக்கு இவ்வொப்புமையைக் காட்டினால், பாடநூல் பல கூறினும் பெறமுடியாத தெளிவு அவர்கட்கு உண்டாகும்.

இன்று நிற்பது முழுக்கோயில் அன்று. கருவறையின் மேலிருந்த பெருவிமானம் வீழ்ந்துவிட்டது. 1837-இல் ஃபெர்குசன் கண்டபோது அதன் ஒரு பகுதி மட்டும் நின்றது. 1848-இல் வீசிய புயலில் அதுவும் சாய்ந்தது. அடித்தளம் தாங்காமை, கடற்காற்று, இரும்பின் துரு, கல்லைப் பெயர்த்துச் சென்றமை என அழிவுக்குப் பல காரணங்கள் கூறப்படுகின்றன. எஞ்சியது ஏறத்தாழ 39 மீட்டர் உயரமுள்ள முன்மண்டபம். அதுவும் விழுந்துவிடாதிருக்க, அதன் உள்ளே மணலும் கல்லும் நிரப்பி, வாயில்கள் நான்கையும் அடைத்து, 1903-இல் பணியை முடித்தனர். அச்செய்தியைக் கூறும் கற்பலகை இன்றும் சுவரில் உள்ளது. ஒரு நூற்றாண்டுக்கு மேலாக அம்மண்டபத்தின் உட்புறத்தில் மனிதர் நடமாட்டம் இல்லை. 1984-இல் உலக மரபுச் சின்னமாக அறிவிக்கப்பெற்ற இக்கோயிலின் மணலை அகற்றுவதற்கான முதற்கட்ட வேலையை இந்தியத் தொல்லியல் துறை 2022-இல் தொடங்கியது. காப்பதற்கு இட்ட மணலே பின்னர்ச் சுமையாகிவிடுமோ என்ற ஐயம், இத்தனை காலத்திற்குப் பிறகு பொறியியலாரை அவ்வேலையில் இறக்கியது.

வீழ்ந்த விமானத்தின் மூன்று புறத்து மாடங்களில் பச்சை நிறக் குளோரைட்டுக் கல்லில் வடித்த கதிரவன் திருவுருவங்கள் தப்பி நிற்கின்றன. படிகளில் ஏறிச் சென்று அவற்றைக் காணாமல் திரும்பலாகாது. வளாகத்தின் ஒரு புறத்தில் ஒன்பான் கோள்களையும் செதுக்கிய உத்தரக்கல் ஒன்று தனியே வைத்து வழிபடப்படுகிறது. ஏறத்தாழ 6 மீட்டர் நீளமுள்ள இக்கல்லைப் பத்தொன்பதாம் நூற்றாண்டில் கல்கத்தாவிற்குக் கொண்டுசெல்ல முயன்று, சிறிது தூரம் இழுத்தபின் சுமை தாங்காது விட்டுவிட்டனர். அருங்காட்சியகத்திற்குப் போகவேண்டியிருந்த கல், ஊர் மக்களின் கைவிளக்கைப் பெற்று ஊரிலேயே தங்கிற்று.

கோணார்க்கத்திலிருந்து 3 கிலோமீட்டரில் சந்திரபாகைக் கடற்கரை. மாசி மாதத்தை ஒட்டி வரும் இரதசப்தமியன்று விடியற்காலையில் பல்லாயிரவர் இங்கு நீராடுவர். அங்கிருந்து கடலை ஒட்டிச் சவுக்குத் தோப்புகளினூடே பூரிக்குச் செல்லும் சாலை, இந்நாளின் பயணத்தில் மிக இனியது. பழைய கடலோடிகள் கோணார்க்கத்தைக் கருங்கோயில் என்றும், சுண்ணச் சாந்து பூசப்பெற்றிருந்த பூரியை வெண்கோயில் என்றும் வழங்கி, இவ்விரு கோபுரங்களையும் கொண்டே கரையின் திசை அறிந்தனர்.

பூரிக் கோயிலின் சிங்கவாயிலுக்கு முன்னே ஒற்றைக் கல்லாலான அருணத் தூண் ஒன்று, ஏறத்தாழ 10 மீட்டர் உயரத்தில் நிற்கிறது. இது கோணார்க்கக் கோயிலின் முன் நின்றது; பதினெட்டாம் நூற்றாண்டில் மராத்தியர் ஆட்சிக் காலத்தில் இங்கே பெயர்த்து நிறுவப்பட்டது. காலையில் நாம் கண்ட தேரின் சாரதி, மாலையில் இங்கே நம்மை எதிர்கொள்கிறான். கோயிலினுள் இந்துக்கள் மட்டுமே செல்லலாம். தோற்பொருள்களும் கைப்பேசியும் படக்கருவியும் வெளியே வைத்துச் செல்லுதல் வேண்டும். உள்ளே ஆனந்த பசார் என்னுமிடத்தில் மண்பானையில் வெந்த மகாபிரசாதத்தை எல்லோரும் ஒருங்கே அமர்ந்து உண்பர். சாதி வேற்றுமை பாராது உண்ணும் இவ்வழக்கம் இத்தலத்தின் தனிச் சிறப்பு.

நாம் கலிங்கத்துப்பரணி ஓதுவது போலவே, ஒடியர் தமக்குரிய வெற்றிக் கதை ஒன்றைப் போற்றுகின்றனர். 1467 முதல் 1497 வரை ஆண்ட கசபதி புருடோத்தமன், காஞ்சி அரசன் மகளை மணக்க விரும்பினான். தேர்த் திருவிழாவில் தெருவைப் பெருக்கும் மன்னனுக்குப் பெண் தருவதில்லை என்று காஞ்சி அரசன் மறுத்தான். சினந்த புருடோத்தமன் படையெடுத்தான். சகந்நாதரும் பலபத்திரரும் கருங்குதிரையிலும் வெண்குதிரையிலும் ஏறி அவனுக்கு முன்னே சென்றனர். வழியில் மாணிக்கம் என்ற இடைச்சியிடம் தயிர் வாங்கிப் பருகி, விலைக்கு ஈடாக மோதிரத்தைத் தந்தனர். வென்ற மன்னன் இளவரசியை ஒரு துப்புரவாளனுக்கு மணமுடிக்குமாறு அமைச்சனிடம் ஒப்படைத்தான். அறிவிற் சிறந்த அமைச்சன் அடுத்த தேர்த் திருவிழா வரை காத்திருந்து, மன்னன் கையில் துடைப்பத்தோடு நின்ற வேளையில், “இவரே தகுந்த துப்புரவாளர்” என்று இளவரசியை அவன்முன் நிறுத்தினான். குதிரை வீரர் இருவரின் உருவத்தை ஒடிசாவின் ஓவியங்களிலும் சிற்பங்களிலும் எங்கும் காணலாம். இக்கதையை நம் ஒடிய அண்டை வீட்டார் நமக்குச் சொல்லும்போது முகம் சுளிக்க வேண்டுவதில்லை. நம் பரணியைக் கேட்கும் அவர்கள் மனநிலையை நாம் அறிந்துகொள்ள உதவும் கதை இது.

வெற்றிக் கதைகளுக்கு இடையே மக்கள் மறந்துவிட்ட செய்திகளும் உண்டு. சோடகங்கன் தொடங்கிய பூரிக் கோயிலோடு தொடர்புடைய மூன்றாம் அனங்கபீமன், தன்னைச் சகந்நாதரின் பிரதிநிதி என்றே கூறிக்கொண்டவன். அவன் அரசி சோமலதேவி, பதின்மூன்றாம் நூற்றாண்டின் முற்பகுதியில் காஞ்சி அருளாளப் பெருமாளுக்குக் கொடை வழங்கினாள். அக்கல்வெட்டு காஞ்சியில் உள்ளது. கங்கர் காலத்தில் ஒடியாவும் தமிழும் ஒருங்கே பொறிக்கப்பெற்ற கல்வெட்டு ஒன்று புவனேசுவரத்தில் கிடைத்துள்ளது. இவ்விரு மொழியாரும் அருகருகே வாழ்ந்து, ஒரே செய்தியை இருவரும் படித்தறியவேண்டிய தேவை இருந்தாலன்றி அத்தகைய கல்வெட்டு எழுந்திராது. நம்மைப் போல் தொழில் கருதியோ வழிபாடு கருதியோ இந்நகரில் தங்கிய தமிழர் அன்றே இருந்தனர் எனக் கொள்ளலாம்.

பூரியிலேயே அதற்கு மற்றொரு சான்று இருந்தது. சிங்கவாயிலுக்கு அருகே எமார் மடம் என்ற வைணவ மடம் நெடுங்காலம் விளங்கியது. இராமானுசர் பூரிக்கு வந்தார் என்பது வைணவ மரபு. அவரைக் குறிக்கும் ‘எம்பெருமானார்’ என்ற தமிழ்ச் சொல்லே ‘எமார்’ எனக் குறுகியது என்பர். 2019-இல் கோயிலின் சுற்றுப்புறத்தை அகலப்படுத்தியபோது அம்மடத்தின் பழைய கட்டடம் இடிக்கப்பட்டது. திருவிழாக் காலத்தில் இலட்சக்கணக்கில் திரளும் மக்களுக்கு இடமும் பாதுகாப்பும் வேண்டும் என்பது உண்மை. பழைய கட்டடம் ஒன்று போனால் அதனோடு போகும் நினைவை மீட்க இயலாது என்பதும் உண்மை. அந்தத் தெருவில் நடக்கும் தமிழர் அப்பெயரையேனும் தம் பிள்ளைகளுக்குச் சொல்லி வைத்தல் கடமையாகும். கல் போன பின் சொல் ஒன்றே எஞ்சும். அச்சொல்லின் பொருளை அறிந்தவர் நாமே.

கதிரவன் மறையுமுன் பூரிக் கோபுரத்தின் மீது பணியாளர் ஏறிக் கொடி மாற்றுவதைக் காண வெளியே பெருங்கூட்டம் நிற்கும். ஏறத்தாழ 65 மீட்டர் உயரத்தில், வெறுங்கைகளால் கல்லைப் பற்றி நாள்தோறும் ஏறும் அவர்களைக் கண்டபின் வண்டியைத் திருப்பினால், ஒன்றரை மணி நேரத்தில் புவனேசுவரம் சேரலாம்.

இப்பயணத்தை மேற்கொள்ள விரும்பும் குடும்பங்கட்கு நாம் கூறுவன சில. கார்த்திகை முதல் மாசி வரையுள்ள காலம் ஏற்றது. கோடையில் கோணார்க்கத்துக் கல் கால் வைக்க ஒண்ணாது சுடும். தேர்த் திருவிழா நாட்களில் இந்த ஒருநாள் திட்டம் நிறைவேறாது. குடிநீரும் தொப்பியும் உடன் இருக்கட்டும். பிள்ளைகள் கையில் ஒரு குறிப்பேடு இருக்கட்டும்; ‘சோட’ என்ற சொல்லைத் தவுளியில் ஒரு முறையும், சோடகங்கன் பெயரில் ஒரு முறையும் அவர்களே எழுதிக்கொள்ளட்டும். இயன்றால் ஒடிய நண்பர் குடும்பம் ஒன்றையும் உடன் அழைத்துச் செல்வது மிக நன்று. அவர்கள் காஞ்சிக் கதையைச் சொல்ல, நாம் பரணியின் வரலாற்றைச் சொல்ல, இராசசுந்தரியும் சோமலதேவியும் எவ்விருவர்க்கும் பொதுவான மூதாட்டியர் என்பது அந்த ஒரு வண்டிக்குள்ளேயே விளங்கிவிடும்.